அந்த இரண்டு இடங்கள் எங்கே போயின?

கொங்குப் பகுதியிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். நான்கு பக்கக் கடிதம், கூடவே இரண்டு வேலைவாய்ப்பு விளம்பரங்களின் நகல். அடையாளம் தெரியும்படியான விவரங்களை நீக்கிவிட்டுச் சுருக்கமாகச் சொல்கிறேன்.

வயது 37. அருந்ததியர் சமூகம். அப்பா நகராட்சியில் தூய்மைப் பணியாளராக இருந்து ஓய்வு பெற்றவர். பொருளியலில் முனைவர் பட்டம், நெட் (உதவிப் பேராசிரியர் தகுதித் தேர்வு) தேர்ச்சி, முதுகலையில் 61 விழுக்காடு. ஒன்பது ஆண்டுகளாக அரசுக் கலைக் கல்லூரியில் கௌரவ விரிவுரையாளர். "வருஷத்துல பதினோரு மாசம்தான் சம்பளம் மேடம், பன்னிரண்டாவது மாசம் நாங்க சாப்பிட மாட்டோம்னு நினைச்சுட்டாங்க போல" என்று எழுதியிருக்கிறார்.

வெளிமாநிலத்தில் உள்ள ஒரு மத்தியப் பல்கலைக்கழகம் உதவிப் பேராசிரியர் பணிக்கு விளம்பரம் செய்தது. பொருளியல் துறையில் மூன்று இடங்கள்: பொது 1, ஓ.பி.சி. 1, எஸ்.சி. 1. இவர் எஸ்.சி. பிரிவில் விண்ணப்பித்தார். நேர்முகத்துக்கு எஸ்.சி. பிரிவில் நான்கு பேரை அழைத்தார்கள். உள்ளே போனதும் ஒரு நிபுணர் கேட்ட முதல் கேள்வி, "அப்பா என்ன வேலை?" பாடத்தில் கேட்டவை இரண்டே கேள்விகள். ஏழு நிமிடத்தில் முடிந்துவிட்டது. முடிவு வந்தபோது மற்ற இரண்டு இடங்களும் நிரம்பியிருந்தன. எஸ்.சி. இடத்துக்கு நேரே 'தகுதியானவர் எவருமில்லை' என்றிருந்தது.

எட்டு மாதம் கழித்துப் புதிய விளம்பரம். அதே துறையில் ஒரே ஒரு இடம், அது பொதுப் பிரிவு. இடையில் அந்தத் துறையில் யாரும் ஓய்வு பெறவில்லை, விலகவில்லை, புதிய பணியிடமும் வரவில்லை என்று விசாரித்துத் தெரிந்துகொண்டிருக்கிறார். போனில் கேட்டதற்கு, "ரோஸ்டர் மாறிடுச்சு" என்று மட்டும் பதில். (ரோஸ்டர் என்பது எந்தப் பணியிடம் எந்தப் பிரிவுக்கு என்று வரிசையாகக் குறிக்கும் சுழற்சிப் பட்டியல்.) விண்ணப்பிக்கக் கடைசி நாளுக்கு இன்னும் மூன்று வாரம் இருக்கிறது.

அவர் கேட்பவை இவை. எஸ்.சி. இடத்தைப் பொதுவாக மாற்றலாமா? நான்கு பேருமே தகுதியற்றவர்கள் என்று சொல்ல முடியுமா? நேர்முகத்தில் கலந்துகொண்டுவிட்டு இப்போது வழக்குப் போடலாமா? அருந்ததியருக்கான 3 விழுக்காடு உள்ஒதுக்கீட்டைக் கேட்கலாமா? தமிழ்நாட்டுச் சாதிச் சான்றிதழ் வெளிமாநிலத்தில் செல்லாது என்று நண்பர் சொல்வது உண்மையா? தம்பி வன்கொடுமைச் சட்டத்தில் புகார் கொடு என்கிறார், உடன் பணிபுரியும் தோழி தேசியப் பட்டியல் சாதியினர் ஆணையத்துக்கு எழுது என்கிறார், கணவர் விட்டுவிடு என்கிறார். யார் சொல்வதைக் கேட்பது?

அன்புள்ள சகோதரி,

உங்கள் கடிதத்தைவிட நீங்கள் இணைத்திருந்த விளம்பரங்களைத்தான் அதிக நேரம் படித்தேன். அதற்குக் காரணம் உண்டு. முதலில் ஒரு கசப்பான விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். "எங்கள் துறையின் எஸ்.சி. இடம்" என்று கடிதம் முழுக்க எழுதியிருக்கிறீர்கள். சட்டத்தின் கண்ணில் அப்படி ஒரு இடம் கிடையாது. அது துறையின் இடமல்ல, பல்கலைக்கழகத்தின் இடம். விசித்திரம் என்னவென்றால், இடஒதுக்கீட்டைக் காப்பாற்ற வேண்டும் என்று போராடி வாங்கிய சட்டம்தான் அப்படிச் சொல்கிறது.

துறையா, பல்கலைக்கழகமா?

2016இல் பனாரஸ் இந்துப் பல்கலைக்கழகம் வெளியிட்ட ஓர் ஆசிரியர் நியமன விளம்பரத்தை எதிர்த்து அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்கள். பல்கலைக்கழகம் முழுவதையும் ஒரே அலகாகக் கணக்கிட்டு இடஒதுக்கீடு தரக் கூடாது, ஒவ்வொரு துறையையும் தனி அலகாகக் கொள்ள வேண்டும் என்று 2017 ஏப்ரலில் தீர்ப்பு வந்தது. அதை ஏற்று 2018 மார்ச் 5 அன்று பல்கலைக்கழக மானியக் குழு எல்லாப் பல்கலைக்கழகங்களுக்கும் உத்தரவு அனுப்பியது. மத்திய அரசும் மானியக் குழுவும் செய்த மேல்முறையீடுகளை 2019 ஜனவரி 22 அன்று உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. மறுசீராய்வு மனுவும் பிப்ரவரியில் தள்ளுபடியாயிற்று.

கேட்பதற்கு இது வெறும் கணக்குப் பிரச்சினைபோல இருக்கும். ஆனால் சுழற்சிப் பட்டியலில் 4ஆவது இடம் ஓ.பி.சி.க்கு, 7ஆவது எஸ்.சி.க்கு, 14ஆவதுதான் எஸ்.டி.க்கு. பல்கலைக்கழகத்தில் மொத்தம் 120 உதவிப் பேராசிரியர்கள் என்றால் 15 விழுக்காட்டில் 18 எஸ்.சி. இடங்கள் வரும். அதையே மூன்று மூன்று பேர் உள்ள 40 துறைகளாகப் பிரித்துவிட்டால், எந்தத் துறையிலும் 7ஆவது முறை உடனே வராது. ஒருவர் சேர்ந்தால் முப்பது ஆண்டு இருக்கும் வேலையில், ஏழாவது நியமனத்துக்குக் காத்திருப்பது என்பது தலைமுறைக் கணக்கு. 2019 மார்ச் 5 அன்று நாடு தழுவிய போராட்டம் நடந்தது. 7ஆம் தேதி அவசரச் சட்டம் வந்தது. ஜூலையில் அது 'மத்தியக் கல்வி நிறுவனங்கள் (ஆசிரியர் பணித்தொகுதியில் இடஒதுக்கீடு) சட்டம், 2019' ஆனது. அதன் 3ஆம் பிரிவுதான் கல்வி நிறுவனத்தை ஒரே அலகு என்கிறது.

ஆகவே, பொருளியலில் இருந்த எஸ்.சி. இடம் நாளை வேதியியலுக்குப் போனால், அந்த ஒரு காரணத்தை வைத்து வழக்கில் ஜெயிக்க முடியாது. ஆனால் மொத்தக் கணக்கில் ஒரு எஸ்.சி. இடம்கூடக் குறையக் கூடாது. அதனால்தான் நீங்கள் அனுப்பிய இரண்டு விளம்பரங்களையும் எடுத்து வைத்துக்கொண்டு, எல்லாத் துறைகளின் எஸ்.சி. இடங்களையும் பென்சிலால் எண்ணினேன். பழைய விளம்பரத்தில் உதவிப் பேராசிரியர் பணியில் எஸ்.சி. இடங்கள் 11. நீங்கள் குறித்து அனுப்பியிருந்த முடிவுகளின்படி நிரம்பியவை 6. மீதி 5 இடங்களிலும் 'தகுதியானவர் எவருமில்லை'. புதிய விளம்பரத்தில் இருப்பது 3.

மற்ற இரண்டும் எங்கே?

உங்கள் வழக்கு என்று ஒன்று இருந்தால், அது இந்தக் கேள்விதான். "என்னை ஏன் எடுக்கவில்லை" என்பது அல்ல.

கோயில் திருவிழாவில் மண்டகப்படி முறை தெரியுமல்லவா? எந்த நாள் யாருடையது என்று ஏட்டில் எழுதி வைத்திருப்பார்கள். ஒரு வருடம் அந்த வகையறா நடத்தாவிட்டாலும் அந்த நாள் பக்கத்து வகையறாவுக்குப் போய்விடாது. (உவமை இடிக்கத்தான் செய்கிறது. அந்த ஏட்டில் உங்கள் பாட்டனாருக்கு இடமே இருந்திருக்காது.) ரோஸ்டர் பதிவேடும் அப்படி ஒரு ஏடுதான். எந்தப் புள்ளி (வரிசை எண்) எந்தப் பிரிவுக்கு என்பது அதில் எழுதப்பட்டிருக்கும். ஒரு புள்ளியில் இருந்தவர் போனால் அதே பிரிவைச் சேர்ந்தவர்தான் வர வேண்டும் என்று 1995இல் ஆர்.கே. சபர்வால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆள் கிடைக்காத இடம் பின்னடைவுப் பணியிடமாக அடுத்த நியமனத்துக்குப் போகும். அப்படிச் சேரும் இடங்களை அந்த ஆண்டின் 50 விழுக்காட்டு உச்சவரம்பில் சேர்க்க வேண்டாம் என்று 2000இல் அரசமைப்புச் சட்டத்தையே திருத்தி 16(4பி) பிரிவைக் கொண்டுவந்தார்கள்.

இடஒதுக்கீட்டு இடத்தைப் பொதுவாக மாற்றுவதற்கு நேரடி நியமனத்தில் பொதுவான தடை இருக்கிறது. 2023 டிசம்பர் கடைசியில் மானியக் குழு வெளியிட்ட ஒரு வரைவு வழிகாட்டுதலில் அப்படி மாற்ற வழி இருப்பதைப் பார்த்து எதிர்ப்பு கிளம்பியது. 2024 ஜனவரி கடைசியில், எந்த இடமும் பொதுவாக மாற்றப்படாது, 2019 சட்டத்தின்படியே நியமனம் நடக்க வேண்டும் என்று கல்வி அமைச்சகம் அறிவித்தது. ஆகவே "மாற்றலாமா" என்ற உங்கள் முதல் கேள்விக்குப் பதில்: கூடாது.

ஆனால் எதிர்த்தரப்பு வக்கீலாக நானே இருந்தால் என்ன சொல்வேன் தெரியுமா? "மாற்றவில்லை, இந்த விளம்பரத்தில் சேர்க்கவில்லை, அவ்வளவுதான். அடுத்த சிறப்பு நியமனத்தில் வரும்" என்பேன். அது உண்மையாகவும் இருக்கலாம். உங்கள் துறையில் யாரும் விலகாமலே பொதுப் பிரிவு இடம் முளைத்திருப்பது சந்தேகத்தைத் தருகிறது, நிரூபணத்தைத் தரவில்லை. பதிவேட்டைத் திருத்தி எழுதினார்களா, எந்தத் தேதியில், எந்த நிர்வாகக் குழுக் கூட்டத்தின் ஒப்புதலோடு, அந்த எஸ்.சி. புள்ளி இப்போது எந்தத் துறையில் உட்கார்ந்திருக்கிறது? இந்தக் கேள்விகளுக்குப் பதில் கையில் இல்லாமல் நீதிமன்றப் படி ஏறாதீர்கள்.

'தகுதியானவர் எவருமில்லை' என்ற இரண்டு சொற்கள்

இந்த இடத்தில் உங்கள் கோபம் எனக்கும் இருக்கிறது. நெட் தேர்ச்சி, முனைவர் பட்டம், ஒன்பது ஆண்டு வகுப்பறை. இவ்வளவும் உள்ளவரை ஏழு நிமிடத்தில் தகுதியற்றவர் என்று எழுதிவிட முடிகிறது. எப்படி என்றால், மானியக் குழுவின் 2018 விதிமுறைகளே அதற்கு இடம் தருகின்றன. படிப்புக்கும் கட்டுரைகளுக்கும் தரும் மதிப்பெண் நேர்முகத்துக்கு அழைப்பதற்கு மட்டும்தான். உள்ளே போன பிறகு அது பூஜ்யம். தேர்வு முழுக்க நேர்முகத்தைப் பொறுத்தது. உங்கள் பட்டியலில் அதிக மதிப்பெண் உங்களுக்குத்தான் என்று எழுதியிருக்கிறீர்கள். வருத்தத்தோடு சொல்கிறேன், வழக்கில் அது உதவாது.

நிபுணர் குழுவின் மதிப்பீட்டுக்குள் நீதிமன்றம் நுழையாது. 1960களில் மைசூர்ப் பல்கலைக்கழக வழக்கில் தொடங்கி இன்றுவரை அதே பாட்டுத்தான். "நான் நன்றாகத்தான் பதில் சொன்னேன்" என்ற மனு முதல் நாளிலேயே தள்ளுபடியாகும். குழு எப்படி மதிப்பிட்டது என்பதை விட்டுவிட்டு, குழு ஒழுங்காக அமைந்ததா என்று கேளுங்கள். அங்கே நீதிபதி காது கொடுப்பார்.

அந்த 2018 விதிமுறைகளின்படி, எஸ்.சி., எஸ்.டி., ஓ.பி.சி., சிறுபான்மையினர், பெண்கள், மாற்றுத்திறனாளிகள் ஆகிய பிரிவுகளில் யாராவது விண்ணப்பித்திருந்து, குழுவின் மற்ற உறுப்பினர்களில் அந்தப் பிரிவினர் இல்லையென்றால், அந்தப் பிரிவைச் சேர்ந்த ஒரு கல்வியாளரைத் துணைவேந்தர் நியமிக்க வேண்டும். உங்கள் நேர்முகத்தில் ஒரு பெண் பேராசிரியர் இருந்தார் என்கிறீர்கள். பல இடங்களில் அவரை வைத்தே இந்த விதியை நிறைவேற்றிவிட்டதாகக் காட்டுவார்கள். எஸ்.சி. இடத்துக்கான நேர்முகத்தில் எஸ்.சி. உறுப்பினர் இருந்தாரா என்பதுதான் கேள்வி. அடுத்தது, குறைந்தது நான்கு பேர், அதில் இரண்டு பேர் வெளியிலிருந்து வந்த பாட நிபுணர்கள் இருந்தார்களா? மூன்றாவது, குறைந்தபட்சத் தேர்ச்சி மதிப்பெண் என்று ஏதாவது வைத்தார்களா, வைத்திருந்தால் எப்போது? ஆட்டம் தொடங்கிய பிறகு விதியை மாற்றக் கூடாது என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் அரசமைப்பு அமர்வு தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கில் மீண்டும் உறுதிசெய்திருக்கிறது. நேர்முகம் முடிந்த பிறகு "60க்குக் கீழே தகுதியில்லை" என்று கோடு போட்டிருந்தால் அந்த முடிவு நிற்காது.

இன்னொன்று, இதை நீங்கள் கேட்கவே இல்லை. பொதுப் பிரிவு இடத்துக்கு உங்களைப் பரிசீலித்தார்களா? 'பொது' என்பது முற்பட்ட சாதியினருக்கான ஒதுக்கீடு அல்ல, எல்லோருக்குமான திறந்த போட்டி. இதை 2020 டிசம்பரில் சௌரவ் யாதவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஐயத்துக்கு இடமில்லாமல் சொல்லியிருக்கிறது. எஸ்.சி. பிரிவினருக்கு முதுகலையில் 55 விழுக்காட்டுக்குப் பதில் 50 போதும் என்ற சலுகை உண்டு. உங்களுக்கு 61 இருப்பதால் அந்தச் சலுகையை நீங்கள் தொடவே இல்லை. எனவே உங்கள் நேர்முக மதிப்பெண் பொதுப் பிரிவில் தேர்வானவரைவிடக் கூடுதலாக இருந்தால் அந்த இடமே உங்களுடையது. அப்படி இருக்கும் என்று நான் நம்பிக்கை தரவில்லை. உங்கள் மதிப்பெண்ணைக் கேட்டு வாங்குவதற்கு இது ஒரு காரணம் என்கிறேன்.

நேர்முகத்துக்குப் போனது தடையா?

கலந்துகொண்டு தோற்ற பிறகு நடைமுறையைக் குறை சொல்ல முடியாது என்பது பொதுவிதி. 1995இன் மதன் லால் தீர்ப்பைப் பல்கலைக்கழகத் தரப்பு கட்டாயம் நீட்டும். ஆனால் நடைமுறைக்கு ஒப்புக்கொண்டவர் அதிலுள்ள சட்டமீறலுக்கும் ஒப்புக்கொண்டதாக ஆகாது என்று 2019 டிசம்பரில் மீதா சஹாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தவிர, ரோஸ்டரில் நடந்தது நேர்முகத்துக்குப் பிறகு நடந்தது. அதற்கு நீங்கள் எப்படி முன்கூட்டியே ஒப்புக்கொண்டிருக்க முடியும்? இந்த வாதம் தாங்கும்.

உங்களுக்குச் சாதகமான இன்னொரு விஷயமும் உண்டு. நியமன வழக்குகளில் பெரிய தலைவலி, ஏற்கெனவே வேலையில் சேர்ந்தவரை எதிர்மனுதாரராகச் சேர்ப்பது. அவரும் குடும்பஸ்தர், அவரும் வக்கீல் வைப்பார், நீதிபதியும் தயங்குவார். எஸ்.சி. இடத்தைப் பொறுத்தவரை யாருமே நியமிக்கப்படவில்லை. யாருடைய சோற்றிலும் கைவைக்காமல் நீங்கள் வழக்காடலாம்.

சான்றிதழும் 3 விழுக்காடும்

நண்பர் சொன்னது பாதி உண்மை. வெளிமாநில அரசின் பல்கலைக்கழகமாக இருந்தால் தமிழ்நாட்டுச் சான்றிதழோடு எஸ்.சி. ஒதுக்கீடு கேட்க முடியாது. பட்டியல் என்பது மாநிலத்துக்கு மாநிலம் வேறு. ஆனால் இது மத்திய நிறுவனம், நாடு முழுவதிலிருந்தும் விண்ணப்பம் கேட்ட நியமனம். அங்கே உங்கள் தாசில்தார் கொடுத்த சான்றிதழ் செல்லும். செல்லாது என்றால் உங்களை நேர்முகத்துக்கே கூப்பிட்டிருக்க மாட்டார்கள்.

உள்ஒதுக்கீடு கேட்க முடியாது. 2009ஆம் ஆண்டுச் சட்டம் தமிழ்நாட்டின் 18 விழுக்காட்டுக்குள் அருந்ததியருக்கு இடம் தருவது. மாநிலப் பணிகளுக்கும் மாநிலக் கல்வி நிறுவனங்களுக்கும்தான் அது. பட்டியல் சாதிகளுக்குள் உட்பிரிவு செய்ய மாநிலங்களுக்கு அதிகாரம் உண்டு என்று 2024 ஆகஸ்டு 1 அன்று ஏழு நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்ததைப் பார்த்து நீங்கள் கேட்டிருக்கிறீர்கள் என்று புரிகிறது. செய்யலாம் என்பதுதான் அந்தத் தீர்ப்பு. மத்திய நிறுவனங்களில் 15 விழுக்காடு இன்னும் பிரிக்கப்படாமலே இருக்கிறது. மனுவில் இதைச் சேர்த்தால் வலுவான வாதமும் சேர்ந்து நீர்த்துப் போகும். நம் மாநிலப் பல்கலைக்கழகங்களும் அரசுக் கல்லூரிகளும் விளம்பரம் செய்யும்போது அந்தச் சட்டம் உங்களுக்குக் கைகொடுக்கும். அந்த விளம்பரங்களையும் விடாதீர்கள்.

தம்பி, தோழி, கணவர்

தம்பியின் கோபம் நியாயம். ஆனால் வேலை தராதது மட்டுமே வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் குற்றமாகாது. சாதியைச் சொல்லி இழிவுபடுத்துவது அந்தச் சட்டத்தில் குற்றமாக வேண்டுமானால் பொதுப் பார்வையில் நடந்திருக்க வேண்டும். மூடிய அறையில் கேட்ட "அப்பா என்ன வேலை?" என்பதை வைத்து முதல் தகவல் அறிக்கை பதிய வைப்பது கடினம். பதிந்தாலும், உங்கள் சக்தியெல்லாம் அந்த வழக்கில் கரையும், ரோஸ்டர் கேள்வி ஓரமாகிவிடும். அதற்காக அந்தக் கேள்வியை மறந்துவிடவும் சொல்லவில்லை. இன்றைக்கே ஒரு தாளில் எழுதுங்கள்: தேதி, நேரம், அறையில் இருந்தவர்கள், கேட்ட சொற்கள், நீங்கள் சொன்ன பதில், வெளியே வந்ததும் யாரிடம் சொன்னீர்கள். மற்ற மூன்று பேரிடமும் இதே கேள்வியைக் கேட்டார்களா என்று விசாரியுங்கள். பாரபட்சத்தைக் காட்டும் சான்றாக ரிட் மனுவில் இதற்கு இடம் உண்டு.

தோழி சொல்வது நல்ல யோசனை. தேசியப் பட்டியல் சாதியினர் ஆணையத்துக்கு அரசமைப்புச் சட்டத்தின் 338ஆவது பிரிவில் விசாரணை நடத்தவும், ஆட்களை அழைக்கவும், ஆவணம் கேட்கவும் உரிமையியல் நீதிமன்றத்துக்குரிய அதிகாரம் இருக்கிறது. உங்களுக்குத் தராத பதிவேட்டை ஆணையத்துக்குத் தராமல் இருக்க முடியாது. ஆனால் நியமனத்தை நிறுத்தித் தடையுத்தரவு போட ஆணையத்தால் முடியாது என்று 1996இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. புதிய நேர்முகத் தேதி வந்துவிட்டால் ஆணையத்தின் கடிதத்தை நம்பிக் காத்திருக்காதீர்கள்.

கணவரிடம் கோபப்படாதீர்கள். வழக்கு நடத்தும் குடும்பங்களை அவர் பார்த்திருப்பார். நானும் உங்களிடம் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும்: முழு வெற்றி கிடைத்தாலும் "இவரை நியமி" என்று நீதிமன்றம் உத்தரவிடும் வாய்ப்பு மிகக் குறைவு. தேர்வானவருக்கே நியமனம் பெறும் அறுதியான உரிமை இல்லை என்று 1991 சங்கர்சன் தாஷ் தீர்ப்பு சொல்கிறது, நீங்களோ தேர்வுப் பட்டியலில் இல்லை. கிடைக்கக்கூடியது, எஸ்.சி. இடங்களைக் கணக்கில் மீட்டு, முறையான குழுவை வைத்து, மறுபடியும் தேர்வு நடத்தச் சொல்லும் உத்தரவு. அந்த இடம் பொருளியலில் வரும் என்பதற்கும் உத்தரவாதம் இல்லை. அதற்கு ஆண்டுகள் ஆகலாம். இதைத் தெரிந்துகொண்டு வீட்டில் உட்கார்ந்து பேசுங்கள்.

செலவைப் பற்றி மட்டும் பயப்பட வேண்டாம். 1987 சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆவது பிரிவின்படி, பட்டியல் சாதியினர் என்பதாலும் பெண் என்பதாலும், வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் உங்களுக்கு இலவசச் சட்ட உதவி உண்டு. வழக்கு அந்தப் பல்கலைக்கழகம் இருக்கும் மாநிலத்தின் உயர் நீதிமன்றத்தில்தான் போக வேண்டியிருக்கும். ஊரில் மின்னஞ்சல் வந்தது என்பதற்காகச் சென்னையில் தொடுக்க முடியாது. அந்த உயர் நீதிமன்றத்தின் சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள். 15100 என்ற எண்ணில் தொடங்கலாம். வக்கீலிடம் முதலில் கேட்க வேண்டியது, அந்தப் பல்கலைக்கழகம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் (மத்திய அரசுப் பணி வழக்குகளை விசாரிக்கும் அமைப்பு) வரம்புக்குள் அறிவிக்கை செய்யப்பட்டிருக்கிறதா என்பது. அறிவிக்கை இருந்தால் தீர்ப்பாயத்துக்குத்தான் முதலில் போக வேண்டும், அங்கே ஓராண்டுக் காலவரம்பு உண்டு. முடிவு வெளியாகி எட்டு மாதத்துக்கு மேல் ஆகிவிட்டது என்பதை மறக்க வேண்டாம்.

இந்த மூன்று வாரத்தில்

புதிய விளம்பரத்துக்குக் கட்டாயம் விண்ணப்பியுங்கள். பொதுப் பிரிவு இடமாக இருந்தால் என்ன, நீங்கள் போட்டியிடலாம். விண்ணப்பத்தில் சாதிப் பிரிவை எஸ்.சி. என்றே குறியுங்கள். அனுப்பிய பிறகு பதிவாளருக்குத் தனிக் கடிதம் ஒன்று போடுங்கள்: முந்தைய எஸ்.சி. இடம் குறித்த என் உரிமைக்குப் பங்கமின்றி விண்ணப்பிக்கிறேன் என்று இரண்டே வரி. மதன் லால் தீர்ப்பை மறுபடி உங்கள் மேல் வீசாமலிருக்க அந்த இரண்டு வரி போதும்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு இன்றைக்கே இணையவழி போகட்டும். கட்டணம் 10 ரூபாய். உதவிப் பேராசிரியர் பணித்தொகுதியின் ரோஸ்டர் பதிவேட்டு நகல், பழைய விளம்பரத் தேதியில் இருந்தபடியும் இப்போது உள்ளபடியும். திருத்தியிருந்தால் அதற்கு ஒப்புதல் தந்த நிர்வாகக் குழுத் தீர்மானம். நிரம்பாத ஐந்து எஸ்.சி. இடங்களின் இன்றைய நிலை. உங்கள் நேர்முகக் குழுவில் எத்தனை பேர், வெளி நிபுணர் எத்தனை பேர், எஸ்.சி. உறுப்பினர் இருந்தாரா. உங்கள் மதிப்பெண். குறைந்தபட்சத் தேர்ச்சி மதிப்பெண் முடிவு செய்த தேதி. இதற்கு மேல் கேட்காதீர்கள், முக்கியமாக மற்றவர்களின் சான்றிதழ்களைக் கேட்காதீர்கள். 2025 நவம்பரில் அந்தச் சட்டத்தின் 8(1)(ஜே) பிரிவு திருத்தப்பட்ட பிறகு, 'தனிநபர் தகவல்' என்று சொல்லி மொத்த மனுவையும் திருப்புவது எளிதாகிவிட்டது. ரோஸ்டர் யாருடைய தனிநபர் தகவலும் அல்ல. 30 நாளில் பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு.

பதில் வரும்வரை சும்மா இருக்கவும் வேண்டாம். பதிவாளருக்கும், எஸ்.சி., எஸ்.டி. தொடர்பு அலுவலருக்கும், நகல் ஆணையத்துக்குமாக ஒரு பக்க முறையீடு அனுப்புங்கள். அதில் ஏழு நிமிடத்தையும் அப்பாவைப் பற்றிய கேள்வியையும் எழுத வேண்டாம். 11, 6, 5, 3 என்ற எண்களை மட்டும் எழுதி, மீதி இரண்டு இடங்கள் எந்தத் துறையில் உள்ளன, பொருளியல் துறையின் எஸ்.சி. இடம் எந்தத் தீர்மானத்தால் பொதுப் பிரிவானது என்று கேளுங்கள். பணிவான மொழியில், விரைவு அஞ்சலில், சேர்ந்ததற்கான சான்றோடு. நீங்கள் வெளியாள், கௌரவ விரிவுரையாளர் வேலையும் வேறு மாநிலத்தில், ஆகவே அந்தப் பல்கலைக்கழகத்தால் உங்கள் இப்போதைய வேலைக்கு நேரடியாக எந்த ஆபத்தும் இல்லை. "பெயர் கெட்டுவிடும்" என்று நீங்கள் கடிதத்தில் பயந்திருப்பதை நான் முழுதாக மறுக்க மாட்டேன், கல்வி வட்டாரம் சின்னது. எண்களை மட்டும் கேட்கும் கடிதத்துக்காக ஒருவரைச் சண்டைக்காரி என்று சொல்வது கொஞ்சம் சிரமம்.

நேர்முக அழைப்புத் தேதி அறிவிக்கப்பட்டால் அன்றே வக்கீலிடம் போங்கள். புதிய நியமனம் நடக்கும் முன் போனால், ஒரு இடத்தைக் காலியாக வைக்கச் சொல்லியோ, நியமனம் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது என்றோ இடைக்கால உத்தரவு கேட்கலாம். ஆள் சேர்ந்து கையெழுத்துப் போட்ட பிறகு போனால் கதை வேறு.

பதிவேட்டு நகல் கைக்கு வந்ததும் முதலில் 'குறிப்பு' என்ற கடைசிப் பத்தியைப் பாருங்கள். புள்ளியை மாற்றியவர்கள் பெரும்பாலும் காரணத்தை அங்கேதான் பொடி எழுத்தில் எழுதியிருப்பார்கள். அந்தப் பக்கத்தை எனக்கும் அனுப்புங்கள்.